கடற்போர் வரலாற்றாசிரியரும் காஸி நீர்மூழ்கியும்

பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு

எங்கள் கீழ்பென்னாத்தூரில் கடல் இல்லை. ஏரி உண்டு. அதுவும் கார்த்திகையில் நிறைந்து சித்திரையில் வறண்டுவிடும். திருவண்ணாமலையிலிருந்து புதுச்சேரிக்குச் செல்லும் பேருந்துகள் எங்கள் ஊரைத் தாண்டித்தான் போகின்றன என்றாலும், நான் கடலைக் கண்டது இரண்டே முறைதான். அலையில் காலை நனைத்ததற்கு மேல் கடலோடு எனக்கு எவ்வித உறவும் கிடையாது. அப்படியிருக்க, கடற்போர் வரலாற்றைப் பற்றி எழுத இவளுக்கு என்ன வந்தது என்று நீங்கள் வியக்கலாம். அதற்குக் காரணம் ஓர் எவர்சில்வர் டம்ளர்.

சென்ற ஆண்டு சுதந்திர தின விழாப் பேச்சுப் போட்டியில், '1971 போரில் நம் கடற்படை' என்னும் தலைப்பில் நான் பேசினேன். பாகிஸ்தானின் காஸி என்னும் நீர்மூழ்கிக் கப்பல், நமது விக்ராந்த் கப்பலை அழிக்கும் எண்ணத்துடன் வங்காள விரிகுடாவுக்குள் புகுந்ததைச் சொன்னேன். நம்முடைய நீர்மூழ்கி ஒன்று அதைக் கடலின் அடியில் துரத்தித் துரத்திச் சென்று டார்பிடோவால் பிளந்ததைக் கையை வீசி வீசி வருணித்தேன். அரங்கம் அதிரும்படி கைதட்டல்! முதற் பரிசாக எவர்சில்வர் டம்ளர் கிடைத்தது. அதில் என் பெயரைப் பொறித்து வைக்க வேண்டும் என்று அம்மா அன்றைக்கே கடைக்குப் புறப்பட்டார்கள்.

விழா முடிந்து, பெற்றோருக்கு மோர் வழங்கிக்கொண்டு நின்றேன். அப்போது ஏழாம் வகுப்பு மாணவி ஒருத்தியின் தாத்தா என்னிடம் வந்தார். எழுபது வயதைத் தாண்டியவர். இளமையில் கடற்படையில் மாலுமியாக இருந்தவர் என்பதை நான் அப்போது அறியேன். மோரைக் குடித்துவிட்டு, "நல்லாப் பேசின பாப்பா. ஆனா அந்தச் சப்மரீன் எங்கேருந்து வந்துச்சு?" என்று கேட்டார். எனக்கு விளங்கவில்லை. "நம்ம சப்மரீன் எதுவும் அங்கே சண்டை போடலம்மா. அன்னிக்கு ராத்திரி நான் வைசாக்லதான் இருந்தேன்" என்று சொல்லிவிட்டு, பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்.

நான் சொன்னதெல்லாம் எங்கிருந்து வந்தது என்று அன்று இரவு யோசித்துப் பார்த்தேன். 2017-ல் வெளிவந்த 'காஸி' என்னும் திரைப்படத்தை வீட்டில் தொலைக்காட்சியில் பார்த்திருந்தேன். அதுவே என் பேச்சு. திரைப்படத்தின் மேல் குற்றமில்லை, அது கதை. கதையை வரலாறு என்று மேடையில் சொன்னவள் நான்.

மறுநாள் வரலாறு கற்பிக்கும் சிஸ்டரிடம் போய் உண்மையைச் சொன்னேன். அவர்கள் கோபிக்கவில்லை. "நீ பார்த்தது கதைப்படம். ஆவணப்படம் என்று வேறொன்று உண்டு. அதில் நடுநடுவே ஒருவர் நாற்காலியில் அமர்ந்து பேசுவார். கீழே அவர் பெயரும் 'கடற்படை வரலாற்றாசிரியர்' என்றும் எழுத்து வரும். அவர் முகம் தெரிந்தவுடன் நீங்களெல்லாம் தண்ணீர் குடிக்க எழுந்து போவீர்கள். அவருடைய வேலை என்ன என்று விசாரித்து எழுது, ஆண்டு மலருக்கு ஆகும். டம்ளரைப் பற்றிப் பிறகு பேசுவோம்" என்றார்கள். டம்ளர் இருக்கும் நிலை தெரியாமல் நான் இக்கட்டுரையைத் தொடங்கினேன்.

என் பாட்டி காலத்தில் திருவண்ணாமலைக் கொட்டகைகளில் படம் தொடங்கும் முன் நியூஸ் ரீல் காட்டுவார்களாம். 1948-ல் மத்திய அரசு ஏற்படுத்திய பிலிம்ஸ் டிவிஷன் என்னும் நிறுவனம் அவற்றைத் தயாரித்தது. (2022-ல் அது தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டுவிட்டது.) வெள்ளமும் அணைக்கட்டும் பிரதமரின் பயணமும் போரும் அதில் வரும். "முறுக்கு வாங்கப் போற நேரம் அது" என்று பாட்டி சொல்கிறார்கள். சிஸ்டர் சொன்ன தண்ணீர் குடிக்கும் வழக்கம் நம் நாட்டில் பழையது போலும்.

கடற்போர் ஆவணப்படங்களுக்கு முன்னோடியான தொடர் அமெரிக்காவில் எடுக்கப்பட்டது. அதன் வேர் ஒரு வரலாற்றாசிரியரிடம் இருக்கிறது. சாமுவேல் எலியட் மோரிசன் என்பவர் ஹார்வர்டு பல்கலைக்கழகப் பேராசிரியர். கொலம்பஸைப் பற்றி எழுத விரும்பியபோது, நூலகத்தோடு நின்றுவிடாமல் பாய்க்கப்பல் ஒன்றில் ஏறி, கொலம்பஸ் சென்ற வழியே அட்லாண்டிக் கடலைக் கடந்து பார்த்தவர். இரண்டாம் உலகப்போர் நடந்துகொண்டிருக்கையில், 1942-ல், கடற்படையின் வரலாற்றைப் போர்க்கப்பல்களில் இருந்துகொண்டே எழுத அனுமதிக்குமாறு குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டைக் கேட்டார். அனுமதி கிடைத்தது, அதிகாரிப் பதவியும் கிடைத்தது. போர் முடிந்தபின் 1947 முதல் 1962 வரை 15 தொகுதிகள் வெளிவந்தன.

அவருக்கு உதவியாளராக இருந்த இளம் அதிகாரி ஹென்றி சாலமன். எழுத்தில் வருவதைத் திரையிலும் கொண்டுவரலாமே என்று எண்ணியவர் இவர்தாம். 'விக்டரி அட் சீ' என்ற பெயரில் 26 பகுதிகள் கொண்ட தொடரை உருவாக்கினார். 1952 அக்டோபர் முதல் 1953 மே வரை என்.பி.சி. தொலைக்காட்சியில் அது ஒளிபரப்பாயிற்று. அதற்காகச் சுமார் 6 கோடி அடி நீளமுள்ள படச்சுருள்களை அலசினார்கள். அதிலிருந்து எடுத்துக்கொண்டது ஏறத்தாழ 61,000 அடி மட்டுமே. நான் ஒரு கணக்குப் போட்டேன். பெரிய படச்சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 6 கோடி அடியையும் இரவு பகல் ஓயாமல், சாப்பிடாமல், தூங்காமல் ஒருவர் பார்த்தால் 463 நாள் ஆகும்! ஆயிரம் அடி பார்த்தால் ஓர் அடி மிஞ்சியது என்று வைத்துக்கொள்ளலாம். நாம் திரையில் காண்பது அந்த ஓர் அடி. மற்ற 999 அடி ஏன் வேண்டாம் என்று சொல்லத் தெரிந்தவர் அங்கே தேவைப்பட்டார்.

(விசாகப்பட்டினக் கடற்கரையில் 1971 போரின் நினைவாக 1996-ல் எழுப்பிய சின்னத்துக்கும் 'விக்டரி அட் சீ' என்றே பெயர். நான் இன்னும் பார்க்கவில்லை.)

'ஏன் வேண்டாம்' என்று சொல்வது அத்தனை கடினமா என்று நானும் முதலில் நினைத்தேன். கடினந்தான். ஓர் எடுத்துக்காட்டைக் காணுங்கள். 1941 நவம்பர் 25 அன்று மத்தியதரைக் கடலில் 'பார்ஹாம்' என்னும் பிரிட்டிஷ் போர்க்கப்பலை ஜெர்மானிய நீர்மூழ்கி ஒன்று டார்பிடோவால் தாக்கியது. கப்பல் பக்கவாட்டில் சாய்ந்து, சில நிமிடங்களில் மாபெரும் வெடிப்புடன் சிதறிற்று. 800-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அருகிலிருந்த மற்றொரு கப்பலில் ஜான் டர்னர் என்னும் செய்திப்படக்காரர் இருந்தார். கை நடுங்காமல் அதைப் படமாக்கிவிட்டார். ஒரு போர்க்கப்பல் வெடிப்பதைக் காட்டும் அத்தனை தெளிவான படம் மிக அரிது. ஆகவே என்ன ஆயிற்று? எந்தக் கப்பல் மூழ்கிய கதையைச் சொன்னாலும் அந்தக் காட்சியையே எடுத்து ஒட்டிவிடும் பழக்கம் பிற்காலப் படங்களில் வந்துவிட்டது. பார்ஹாமில் இறந்தவர்களின் மரணம், வேறொரு கப்பலின் மரணமாகக் காட்டப்படுகிறது. அந்தக் கப்பலில் தந்தையை இழந்த ஒரு பிள்ளை அதைப் பார்த்தால் எப்படியிருக்கும்?

இன்னொன்று இதற்கு நேர்மாறானது. 1941 டிசம்பர் 7 அன்று ஜப்பானியர் பேர்ல் துறைமுகத்தைத் தாக்கினர். தாக்குதல் நடக்கும்போதே எடுத்த படம் சொற்பம். பிறகு ஜான் ஃபோர்டும் கிரெக் டோலண்டும் அத்தாக்குதலைப் பற்றி ஒரு படம் எடுத்தார்கள். சிறிய மாதிரிக் கப்பல்களையும் நடிப்பவர்களையும் கொண்டு பல காட்சிகளைப் புதிதாக உண்டாக்கினார்கள். 1943-ன் சிறந்த ஆவணக் குறும்படம் என்று ஆஸ்கார் பரிசும் அதற்குக் கிடைத்தது. நாளடைவில் அந்தக் காட்சிகளை உண்மையான தாக்குதலின் படம் என்றே பலரும் எடுத்தாளத் தொடங்கினர். பொய் சொல்ல எவரும் திட்டமிடவில்லை. ஒருவரைப் பார்த்து ஒருவர் எடுத்ததில் வந்த வினை. என் பேச்சும் அவ்வாறு வந்ததுதானே என்று இதைப் படித்தபோது மனம் சுருக்கென்றது.

நம் சென்னைக்கும் இது பொருந்தும். 1914 செப்டம்பர் 22 இரவு, எம்டன் என்னும் ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்தருகே வந்து பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டு எரித்துவிட்டு மறைந்தது. சாமர்த்தியசாலியை 'அவன் எம்டன்' என்று இன்றும் நம் வீடுகளில் சொல்வதற்கு அதுவே காரணம். (என் அண்ணனை அப்பா அப்படித்தான் சொல்வார், புகழ்ச்சியாக அல்ல.) ஓடுகிற படமாக அந்த இரவை எடுத்து வைத்தவர் எவருமில்லை. ஆனால் எம்டனைப் பற்றி ஜெர்மனியில் 1926-லும், ஆஸ்திரேலியாவில் 1928-லும் நடிகர்களையும் கப்பல்களையும் கொண்டு படங்கள் எடுத்தார்கள். அவற்றிலிருந்து ஒரு காட்சியை வெட்டி, 'சென்னை, 1914' என்று எழுதி ஓடவிட்டால் நம்மில் யார் கண்டுபிடிக்கப் போகிறோம்? அதேபோல, திருவனந்தபுரத்தைச் சேர்ந்த விடுதலை வீரர் செண்பகராமன் பிள்ளை எம்டனில் வந்தார் என்பது பலரும் நம்பும் செய்தி. அவர் ஜெர்மனியில் இருந்து நம் விடுதலைக்காகப் பாடுபட்டது மெய். அந்தக் கப்பலில் இருந்தார் என்பதற்கு உறுதியான சான்று கிடைக்கவில்லை. இதை ஒரு வரலாற்றாசிரியர் கேமரா முன் சொல்வதற்கு மிகுந்த துணிவு வேண்டும். ஏனெனில், கேட்பவர்கள் அவரைத் தேசப்பற்று இல்லாதவர் என்று ஏசுவார்கள்.

கப்பலை அடையாளம் காண்பது தனியொரு கலை. புகைபோக்கி எத்தனை, பீரங்கி எங்கே, பக்கத்தில் எழுதிய எண் எது, பறப்பது எந்தக் கொடி, பின்னால் தெரியும் மலை எந்தத் துறைமுகத்து மலை என்றெல்லாம் பார்ப்பார்களாம். எம்டன்கூட வேறு நாட்டுக் கப்பலைப் போலத் தோன்றுவதற்காகப் பொய்யான புகைபோக்கி ஒன்றைக் கூடுதலாக நிறுத்திக்கொண்டது! நம் கடற்படையில் ஒரே பெயர் மறுபடி மறுபடி வரும் வழக்கமும் உண்டு. முதல் விக்ராந்த் 1961-ல் சேர்ந்து 1997-ல் ஓய்வு பெற்றது. இரண்டாவது 2022-ல் கொச்சியில் கட்டி முடிக்கப்பட்டுச் சேர்ந்தது. ராஜ்புத் என்னும் நாசகாரிக் கப்பலும் இரண்டு. 1971-ல் இருந்தது இரண்டாம் உலகப்போர்க் காலத்துப் பிரிட்டிஷ் கப்பல். ஏவுகணைகளோடு 1980-ல் வந்தது ரஷ்யக் கப்பல். பாகிஸ்தானும் 1971-க்குப் பிறகு வேறொரு நீர்மூழ்கிக்குக் காஸி என்றே பெயர் வைத்தது. பெயரைப் பார்த்துப் படத்தை எடுத்து ஒட்டினால் தவறாமல் தவறு வரும்.

இப்போது நம் நாட்டுக்கு வருகிறேன். நமது கடற்படையின் வரலாற்றை வெளியார் எழுதும் முன் கடற்படையினரே எழுதினார்கள். ரியர் அட்மிரல் சத்யீந்திர சிங் சுதந்திரத்தை ஒட்டிய ஆண்டுகளைப் பற்றியும், 1951 முதல் 1965 வரையிலான காலத்தைப் பற்றியும் இரண்டு நூல்கள் எழுதினார். அடுத்த பகுதியை எழுதும் பொறுப்பு வைஸ் அட்மிரல் ஜி. எம். ஹிரானந்தானிக்கு வந்தது. இவர் 1971 போரில் மேற்குக் கடற்பிரிவின் தாக்குதல்களைத் திட்டமிடும் அதிகாரியாக இருந்தவர். கராச்சித் துறைமுகத்தை நம் ஏவுகணைப் படகுகள் தாக்கிய டிசம்பர் 4 இன்றும் கடற்படை தினமாகக் கொண்டாடப்படுகிறது அல்லவா, அந்தப் பணியில் இவருக்கும் பங்குண்டு. நான் மேலே சொன்ன இரண்டாவது ராஜ்புத்தின் முதல் கேப்டனும் இவரே. 1989-ல் கடற்படைத் துணைத் தளபதியாக ஓய்வு பெற்றார். அதன் பின்னர் உட்கார்ந்து, 1965 முதல் 2000 வரையிலான வரலாற்றை மூன்று பெரும் நூல்களாக எழுதினார். முதல் நூல் 2000-ல் வெளிவந்தது. 2009-ல் காலமானார்.

நம் கடற்படையைப் பற்றி ஆவணப்படம் எடுப்பவர் எவராயினும் அந்த நூல்களைத் தாண்டிப் போக முடியாது. முதல் நூலில் காஸியைப் பற்றிய பகுதியை எங்கள் ஆங்கில ஆசிரியை அச்செடுத்துக் கொடுத்தார்கள். அகராதியை மடியில் வைத்துக்கொண்டு நான்கு நாட்கள் படித்தேன். போரில் தாமே பங்கு பெற்ற ஒருவர் எழுதினால் தம் பக்கத்தையே பேசுவார் என்று எதிர்பார்த்தேன். அவரோ பாகிஸ்தான் கடற்படை தன் வரலாற்றில் எழுதியிருப்பதையும் நம்மவர் கூற்றையும் அடுத்தடுத்து வைக்கிறார். எனக்கு முதலில் எரிச்சலாகவே இருந்தது. எதிரியின் வாதத்தை நாமே ஏன் அச்சிட வேண்டும்?

காஸியின் கதையை இரு பக்கமும் ஒப்புக்கொள்ளும் அளவுக்குச் சொல்கிறேன். அது 1945-ல் அமெரிக்கக் கடற்படையில் 'டயாப்ளோ' என்னும் பெயரோடு சேர்ந்த நீர்மூழ்கி. டயாப்ளோ என்றால் ஸ்பானிய மொழியில் சாத்தான். 1964-ல் பாகிஸ்தானுக்கு வந்து 'காஸி', அதாவது அறப்போர் வீரன், ஆயிற்று. சாத்தான் ஒரே நாளில் மனந்திரும்பியதைக் கேட்டு சிஸ்டர் வெகுநேரம் சிரித்தார்கள். 1971 நவம்பர் 14 அன்று கராச்சியிலிருந்து புறப்பட்டது. பாகிஸ்தானிடமிருந்த நீர்மூழ்கிகளில், இலங்கையைச் சுற்றிக்கொண்டு வங்காள விரிகுடா வரை வந்து போகக்கூடியது அது ஒன்றே. விக்ராந்தைத் தேடுவதும், நம் கிழக்குத் துறைமுக வாயிலில் கடற்கண்ணிகள் இடுவதும் அதன் பணி.

விக்ராந்தில் கொதிகலன் ஒன்று விரிசல் கண்டிருந்ததால் அதனால் முழு வேகத்தில் ஓட முடியாத நிலை. அதைக் காப்பாற்றும் பொறுப்பு கிழக்குக் கடற்படைத் தளபதி வைஸ் அட்மிரல் என். கிருஷ்ணனுடையது. இவர் 1919-ல் நம் நாகர்கோவிலில் பிறந்தவர். விக்ராந்தை ஓசைப்படாமல் அந்தமானுக்கு அனுப்பிவிட்டு, அது விசாகப்பட்டினத்தருகே இருப்பதுபோல ஒரு நாடகம் நடத்தினார். ஒரு பெரிய கப்பற்கூட்டத்துக்கு வேண்டிய அளவு இறைச்சியும் காய்கறியும் விசாகப்பட்டினத்தில் வாங்கச் செய்தார். பழைய ராஜ்புத்தைக் கடலுக்கு அனுப்பி, விக்ராந்த் அனுப்புவதுபோல ரேடியோச் செய்திகளை அனுப்பச் செய்தார். விக்ராந்தில் உள்ள ஒரு மாலுமி தன் தாயின் உடல்நலம் விசாரிப்பதுபோலத் தந்தியும் போயிற்று. இவற்றையெல்லாம் அவரே 1980-ல் வெளிவந்த தம் நூலில் எழுதியிருக்கிறார். இந்தப் பகுதியைப் படிக்கும்போது, திரைப்படத்தில் எதற்கு வேறு கதை சேர்த்தார்கள் என்றே தோன்றியது.

டிசம்பர் 3 நள்ளிரவை நெருங்கும் வேளையில் ராஜ்புத் விசாகப்பட்டினத் துறைமுகத்திலிருந்து வெளியேறியது. நீரில் ஏதோ கலக்கத்தைக் கண்டு, ஆழத்தில் சென்று வெடிக்கும் குண்டுகள் இரண்டை வீசியது. நள்ளிரவு கழிந்து சிறிது நேரத்தில் நகரத்து ஜன்னல்கள் அதிரும்படி ஒரு பெரும் வெடியோசை எழுந்தது. விடிந்தபின் மீனவர்கள் மிதக்கும் பொருள்களைக் கண்டு தெரிவித்தனர். முக்குளிப்பவர்கள் இறங்கிப் பார்த்தார்கள். கீழே கிடந்தது காஸி. அதில் வந்த 90-க்கும் மேற்பட்டோரில் ஒருவரும் பிழைக்கவில்லை.

இனி, மூழ்கடித்தது எது? ராஜ்புத் வீசிய குண்டுகளே என்பது நம்மவர் கூற்று. காஸி தான் இட்ட கண்ணியிலேயே தான் சிக்கியது, அல்லது உள்ளேயே விபத்து நேர்ந்தது என்பது பாகிஸ்தானின் கூற்று. மின்கலங்களை மின்னேற்றும்போது சேரும் ஹைட்ரஜன் வாயு தீப்பற்றியிருக்கலாம் என்று கருதுவோரும் உளர். சான்றுகள் கையில் இருந்தால் தீர்த்துவிடலாம். காஸியைப் பற்றிய கடற்படைக் கோப்புகள் 1980-லேயே அழிக்கப்பட்டுவிட்டதாக 2010-ல் நாளிதழ்களில் செய்தி வந்தது. கப்பலோ இன்னும் கடலடியில்தான் இருக்கிறது. 2024-ல்கூட நம் கடற்படையின் ஆழ்கடல் மீட்புக் கலம் அதன் சிதைவைக் கண்டறிந்தது. உள்ளே இருப்பவர்கள் போர்வீரர்கள். அது அவர்களுடைய கல்லறை.

ஒன்றைக் கவனியுங்கள். இந்த மூன்று கூற்றுகளில் எதிலுமே, நான் மேடையில் துரத்தவிட்ட அந்த இந்திய நீர்மூழ்கி இல்லை!

ஆவணப்படத்தில் வரலாற்றாசிரியர் நாற்காலியில் அமர்ந்து பேசுவது இரண்டு நிமிடமோ மூன்று நிமிடமோதான். மணிக்கணக்கில் அவரிடம் கேள்வி கேட்டுப் பதிவு செய்துகொண்டு, அதில் சூடான இரண்டு வாக்கியங்களை வெட்டி எடுத்துக்கொள்வது படக்காரர் வழக்கம். 'இருக்கலாம்', 'ஒரு சாரார் கருத்து', 'சான்று போதாது' என்னும் சொற்கள் கத்தரிக்கு எளிதில் இரையாகும். நான் மிகவும் மதிப்பது, அந்தச் சொற்களைக் கத்தரிக்க முடியாதபடி வாக்கியத்தின் நடுவில் வைத்துப் பேசத் தெரிந்தவரை. சிலர் தாமே படத்தை நடத்திச் செல்வதும் உண்டு. லண்டன் கிங்ஸ் கல்லூரியில் கடற்படை வரலாற்றுப் பேராசிரியரான ஆண்ட்ரூ லாம்பெர்ட் 2004-ல் பி.பி.சி.க்காக ஒரு தொடரையே முன்னின்று வழங்கினார். அப்படிச் செய்தால் கத்தரி ஓரளவு தம் கைக்கு வரும் போலும்.

இத்துறையில் சேர என்ன படிக்க வேண்டும் என்று என் தோழிகள் கேட்டார்கள். வரலாறு படிக்க வேண்டும். சென்னைப் பல்கலைக்கழகத்தில் பாதுகாப்பு ஆய்வியலுக்கென்றே ஒரு துறை இருக்கிறது. மும்பையில் 1978-ல் அட்மிரல் அவதி தொடங்கிய கடல்சார் வரலாற்றுச் சங்கம் இருக்கிறது. 1992 முதல் கடற்படை பெண்களையும் அதிகாரிகளாகச் சேர்த்து வருகிறது. ஆங்கிலம் நன்றாக வர வேண்டும்; அகராதியோடு நான்கு நாள் ஆகக்கூடாது. கணக்கும் வேண்டும். இதைச் சொன்னவுடன் இருவர் ஆர்வத்தைக் கைவிட்டனர்.

டம்ளர் விஷயத்தைச் சொல்ல மறந்துவிட்டேன். அதைத் திருப்பிக் கொடுக்கக் கொண்டுபோனேன். சிஸ்டர் வாங்கிக்கொள்ளவில்லை. "உன் குரலுக்கும் துணிவுக்கும் கொடுத்தது அது, வைத்துக்கொள். ஆனால் அத்தனை பேர் முன் சொன்னதை அத்தனை பேர் முன்தான் திருத்த வேண்டும்" என்றார்கள். ஒரு திங்கட்கிழமை காலை வழிபாட்டுக் கூட்டத்தில் நின்று, நான் சொன்னது தவறு என்றும், அறிந்துகொண்டது இது என்றும் வாசித்தேன். கைதட்டல் இல்லை. ஆறாம் வகுப்பு வரிசையில் யாரோ சிரித்தார்கள். என் முழங்கால் ஆடியதை முன் வரிசை கண்டிருக்கும்.

அன்று மாலை அந்தத் தாத்தாவின் வீட்டுக்குப் போனேன். வாசலில் மல்லாட்டை காயப் போட்டிருந்தது. தாத்தாவும் பாட்டியும் திண்ணையில் அமர்ந்து விதைக்காக உடைத்துக்கொண்டிருந்தார்கள். நான் படித்ததையெல்லாம் சொன்னேன். பாகிஸ்தான் கூற்றைச் சொன்னபோது தாத்தாவின் முகம் மாறியது. "ராஜ்புத்தான் அடிச்சுது. அதுல என்னா சந்தேகம்?" என்றார். பேசாமல் திரும்பிவிடலாமா என்று நினைத்தேன். ஆனால் இத்தனை படித்தது எதற்கு? மெதுவாக, "தாத்தா, நீங்க அதைப் பார்த்தீங்களா?" என்று கேட்டேன்.

அவர் கை நின்றுவிட்டது. கொஞ்ச நேரம் தெருவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "பாக்கல பாப்பா. தூங்கிட்டிருந்தேன். ஜன்னல் கண்ணாடியெல்லாம் கடகடன்னு ஆடுச்சு. எல்லாரும் எழுந்து உட்கார்ந்துட்டோம். என்னா ஏதுன்னு யாருக்கும் தெரியல. ராஜ்புத் அடிச்சதுன்னு அப்புறம் சொன்னாங்க, பேப்பர்லயும் வந்துச்சு" என்றார். சற்றுப் பொறுத்து, "சத்தத்தைக் கேட்டது நான். மத்ததெல்லாம் அவங்க சொன்னது" என்றார்.

அதை அப்படியே படம் பிடித்துக்கொள்ளலாமா என்று கேட்டேன். சிஸ்டரின் கைப்பேசியை அனுமதியோடு கொண்டுபோயிருந்தேன். தாத்தா உள்ளே போய்ச் சட்டை மாற்றி, தலை வாரி, பழைய பதக்கத்தைக் குத்திக்கொண்டு வந்து நாற்காலியில் நேராக உட்கார்ந்தார். "என்னா சொல்லணும்?" என்று கேட்டார். "நீங்க கேட்டதை மட்டும், தாத்தா" என்றேன். படம் ஒரு நிமிடம் பத்து விநாடி ஓடுகிறது. பின்னால் சடசடவென்று ஒரு சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கிறது. அது பாட்டி மல்லாட்டை உடைப்பது.